தீவிலிருந்து வந்த அம்மாவும் நான் மாற்றிச் சொன்ன பதிலும்

என் அத்தாவுக்கு உத்திரமேரூர் கடைத்தெருவில் பாத்திரக் கடை. தொண்ணூறுகளின் கடைசியில் ஒரு மாலை யூனியன் ஆபீஸ் எழுத்தர் ஒருவர் கடைக்கு வந்தார். குக்கர் பார்க்க வந்திருக்கிறார் என்று நினைத்து அத்தா ஸ்டூலை இழுத்துப் போட்டார்.

"பாய், உங்க பொண்ணு இங்கிலீஷ் எம்.ஏ. படிக்குதாமே? நாளன்னிக்கு வெளிநாட்லேர்ந்து ஒரு அம்மா வருது. அங்க மந்திரியா இருந்ததாம். நம்ம பக்கம் பொம்பளைங்க பஞ்சாயத்துத் தலைவரா கீறாங்க இல்ல, அவங்களப் பாக்கணுமாம். மெட்ராஸ்லேர்ந்து வர வேண்டிய ஆளுக்கு ஒடம்பு சரியில்ல. பேசறத மாத்திச் சொல்றதுக்கு உங்க பொண்ண அனுப்புவீங்களான்னு பி.டி.ஓ. கேட்டுக்கினு வரச் சொன்னாரு."

"வர்றது பொம்பளைதானே?"

"பொம்பளைதான் பாய். அறுவது வயசுக்கு மேல."

"அப்ப போவட்டும்," என்றார் அத்தா. என்னை யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் சரி என்றுதான் சொல்லியிருப்பேன். அப்போது எனக்கு இருபத்திரண்டு வயது. தபாலில் எம்.ஏ. படித்துக்கொண்டிருந்தேன். தமிழ் தெரியாத ஒருவரிடம் அதுவரை நான் ஒரு வாக்கியம்கூட ஆங்கிலத்தில் பேசியதில்லை. மறுநாளே நூலகத்துக்குப் போய் அட்லஸைப் பிரித்தேன். கரீபியன் கடலில் எறும்பு வரிசை போலத் தீவுகள் இருந்தன. அவருடைய தீவு ஒரு புள்ளி. பெயர் எழுத நிலத்தில் இடம் போதாமல் கடலின் மேல் எழுதியிருந்தார்கள். அவ்வளவு சின்ன ஊருக்குப் பாராளுமன்றம் இருக்குமா, மந்திரி இருப்பாரா, பஸ் ஓடுமா என்றெல்லாம் யோசித்துக்கொண்டே வீட்டுக்கு வந்தேன்.

அவர் காரிலிருந்து இறங்கியபோது கடைத்தெருவே திரும்பிப் பார்த்தது. வெளிநாட்டு அம்மா என்றதும் எல்லோரும் வெள்ளைக்காரி என்றே நினைத்திருந்தோம், நானும்தான். வந்தவர் நல்ல கறுப்பு. எங்கள் ஊர் ஆண்கள் பலரை விட உயரம். நரைத்த முடியைத் தலையோடு ஒட்டினாற்போல மெல்லிய பின்னல்களாகப் பின்னியிருந்தார். பூப்போட்ட நீளக் கவுன், காலில் தடித்த தோல் செருப்பு. டீக்கடை பெஞ்சிலிருந்து ஒருவர் சத்தமாகவே சொன்னார்:

"இன்னாப்பா இது, நம்ம கலர்ல கீது!"

"என்ன சொல்கிறார்?" என்று அவர் என்னைக் கேட்டார்.

"உங்களைப் பார்த்தால் எங்கள் ஊர்க்காரர் மாதிரி இருக்கிறதாம்," என்றேன். அவர் சிரித்து பெஞ்சைப் பார்த்துக் கையாட்டினார். பெஞ்சில் இருந்தவர் வெட்கப்பட்டு எழுந்து நின்றுவிட்டார்.

அவருடைய ஆங்கிலம் பாட்டுப் போல ஏறி இறங்கியது. முதல் அரை மணி நேரம் எனக்குப் பாதிதான் பிடிபட்டது. அவர் கேள்வி கேட்பதை நிறுத்தவே இல்லை. உன்னைப் படிக்க வைக்க வேண்டும் என்று முடிவு செய்தது யார்? உன் வகுப்பில் எத்தனை பெண்கள் பஸ்ஸில் கல்லூரிக்குப் போனார்கள்? கடையில் உன் அம்மா எப்போதாவது உட்காருவாரா? பதில் சொல்லச் சொல்ல, இவற்றை நானே ஏன் யோசித்ததில்லை என்று தோன்றிக்கொண்டிருந்தது.

உத்திரமேரூருக்கு வரும் எல்லோரையும் போல அவரையும் முதலில் கோயில் மண்டபச் சுவரில் இருக்கும் கல்வெட்டைப் பார்க்கத்தான் அழைத்துப் போனார்கள். ஓய்வு பெற்ற தமிழாசிரியர் ஒருவர் விளக்கம் சொன்னார். அந்தக் காலத்தில் பெயர்களை ஓலையில் எழுதிக் குடத்தில் போட்டு, எடுக்கிற ஓலைக்கு உரியவரைச் சபைக்குத் தேர்ந்தெடுத்தார்கள். நிலம் இருக்க வேண்டும், சொந்த வீடு இருக்க வேண்டும், வயது இத்தனை, படிப்பு இத்தனை. நான் மாற்றிச் சொல்லிக்கொண்டே வந்தேன். அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு எழுத்துகளின் அருகே முகத்தைக் கொண்டுபோனார்.

"இதில் பெண்கள் எங்கே?"

பள்ளிக்கூடம் போகும்போதும் வரும்போதும் தினமும் அந்தச் சுவரைப் பார்த்து வளர்ந்தவள் நான். அதை ஒரு நாளும் கேட்டதில்லை. ஆசிரியரிடம் கேட்டேன். "அப்படி ஒண்ணும் இல்லம்மா," என்றார்.

"நிலம் இல்லாதவர்கள்?"

"அவங்களும் இல்ல."

அவர் தலையசைத்தார். அவருடைய தீவிலும் அவர் பிறந்த காலத்தில் சொத்து இல்லாதவர்களுக்கு ஓட்டு இல்லையாம். அவருடைய அம்மா கரும்புத் தோட்டத்து முதலாளி வீட்டில் துணி துவைத்தவர். முதல் முறை ஓட்டுப் போடும்போது அம்மாவுக்கு நாற்பது வயதுக்கு மேலாம். புதுச் செருப்பு வாங்கிப் போட்டுக்கொண்டு போய், அது கடித்து, திரும்பும்போது கையில் எடுத்துக்கொண்டு வந்தாராம். இதைச் சொல்லும்போது ஆசிரியர் உட்பட எல்லோரும் சிரித்தோம்.

நாங்கள் போக வேண்டிய ஊர் அங்கிருந்து ஏழெட்டு கிலோமீட்டர். தலைவர் பதவி அங்கே ஆதிதிராவிடப் பெண்ணுக்கு ஒதுக்கப்பட்டிருந்தது. நடவுக்கும் களையெடுப்புக்கும் போகிற ஒரு பெண், நாற்பதைத் தொட்டவர், ஜெயித்திருந்தார். நாங்கள் போனபோது பஞ்சாயத்து ஆபீசில் இருந்த ஒரே மர நாற்காலியில் துணைத்தலைவர் உட்கார்ந்திருந்தார். ஊரில் பெரிய நிலக்காரர் அவர். எங்களுக்காகப் பிளாஸ்டிக் நாற்காலிகள் கொண்டுவரப்பட்டன. தலைவர் சுவரோரமாக நின்றுகொண்டிருந்தார். மடிப்புக் கலையாத புதுப் புடவை, கைகளை எங்கே வைப்பது என்று தெரியாதவர் போல முந்தானையைப் பிடித்திருந்தார்.

வந்தவர் கேட்ட எல்லாக் கேள்விக்கும் துணைத்தலைவரே பதில் சொன்னார். எத்தனை தெருவிளக்கு, எத்தனை கைப்பம்பு, எந்தச் சாலை போட்டாயிற்று. நான் தலைவரைப் பார்த்துக் கேட்டாலும், "அவரே சொல்லுவாரும்மா," என்றுதான் பதில் வந்தது.

கால் மணி நேரம் ஆனதும் வெளிநாட்டு அம்மா என் காதருகே குனிந்து, கழிப்பறை எங்கே என்று கேட்டார். அந்தக் கட்டடத்தில் அப்படி ஒன்று இல்லை. துணைத்தலைவரிடம் எப்படிக் கேட்பது என்று நான் முழித்தேன். தலைவர் கண்ணாலேயே புரிந்துகொண்டார். "நம்ம வூட்டுக்கு இட்டுக்கினு போறேன். வாங்க," என்று முதல் முறையாகத் தானாகப் பேசினார். நாங்கள் மூவரும் எழுந்து நடந்தோம். ஆண்கள் பின்னால் வருவதா வேண்டாமா என்று தெரியாமல் அங்கேயே நின்றுவிட்டார்கள். எழுத்தர் மட்டும் கடமைக்காகக் காலனி முனை வரை வந்து, அங்கே வேப்பமரத்தடியில் நின்றுகொண்டார்.

வீட்டின் பின்புறம் கீற்று வைத்து மறைத்த குளியல் இடம். வெளிநாட்டு அம்மா உள்ளே போய்விட்டு வந்து, கை கழுவிக்கொண்டே பேச ஆரம்பித்தார். தான் முதன்முதலாகப் பாராளுமன்றத்துக்குள் போனபோது, அந்தக் கட்டடத்தில் பெண்களுக்குக் கழிப்பறையே இல்லையாம். எதிரே இருந்த மாதா கோயிலுக்கு ஓடிவிட்டு வர வேண்டும். ஒரு நாள் அவர் போய் வருவதற்குள் ஓட்டெடுப்பையே முடித்துவிட்டார்களாம்.

நான் சொல்லி முடிப்பதற்குள் தலைவர் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். அப்புறம் சிரிப்பை நிறுத்திவிட்டு, "யூனியன் ஆபீஸ்லயும் இல்லம்மா. மீட்டிங் அன்னிக்கு நான் காத்தாலேர்ந்து தண்ணியே குடிக்கறதில்ல. மயக்கமா வரும். அந்தம்மா இன்னா பண்ணுச்சாம், கேளு," என்றார்.

"மறுநாள் சபையில் எழுந்து, முதலில் எனக்குக் கழிப்பறை, அப்புறம்தான் பட்ஜெட் என்றேன்," என்றார் அவர். "எல்லோரும் சிரித்தார்கள். ஆறு மாதம் தினமும் கேட்டேன். சிரிக்க அலுத்துப்போய்க் கட்டிக் கொடுத்தார்கள்."

அதற்குள் காலனிப் பெண்கள் பத்துப் பதினைந்து பேர் கூடிவிட்டார்கள். ஒருத்தி அவருடைய பின்னலைத் தொட்டுப் பார்த்தாள். இன்னொருத்தி, இதைப் பின்ன எத்தனை நேரம் ஆகும் என்று கேட்டாள். தரையில் பாய் விரித்து எல்லோரும் உட்கார்ந்தோம். ஆபீசில் வாய் திறக்காத தலைவர் இப்போது விடாமல் கேட்டார். உங்க ஊர்ல நெல்லு வெளையுதா? கூலி ஆம்பளைக்கும் பொம்பளைக்கும் ஒண்ணா? நீங்க பேசும்போது ஆம்பளைங்க எழுந்து போவாங்களா? அவர் எல்லாவற்றுக்கும் பதில் சொன்னார். பள்ளிக்கூட ஆசிரியையாக இருந்தது, வேலை போனது, பிறகு வீட்டு வேலை செய்யும் பெண்களின் சமையலறைகளுக்குப் பின்வாசல் வழியாகப் போய்ப் போய்ச் சங்கம் சேர்த்தது, இரண்டு முறை தோற்று மூன்றாம் முறை ஜெயித்தது. எனக்கு நாக்கு வறண்டுவிட்டது, ஆனால் நிறுத்த மனமில்லை.

அப்போதுதான் தலைவர் அதைக் கேட்டார்.

"வூட்டுக்காரரு இதுக்கெல்லாம் ஒத்துக்கினாரா? எத்தினி பசங்க?"

அவர் நீளமாகப் பதில் சொன்னார். தனக்கு மூன்று பிள்ளைகள், கல்யாணம் ஆகவே இல்லை என்றார். தன் அம்மாவுக்கும் கல்யாணம் ஆகவில்லை, தன் பிறப்புப் பதிவில் தகப்பன் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் வெறும் கோடுதான் என்றார். கல்யாணம் ஆகாமல் முதல் பிள்ளையைச் சுமந்ததால்தான் ஆசிரியை வேலையிலிருந்து நீக்கினார்கள் என்றார். மந்திரியானதும் அவர் கொண்டுவந்த சட்டம், அப்பா அம்மாவுக்குக் கல்யாணம் ஆனாலும் ஆகாவிட்டாலும் எல்லாப் பிள்ளைகளும் பிள்ளைகளே என்பதுதான் என்றார். சொல்லிவிட்டு எல்லோர் முகத்தையும் பார்த்தார்.

பதினைந்து பெண்கள் என் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"கல்யாணம் ஆச்சாம். மூணு பசங்க. வீட்டுக்காரர் ரொம்ப நாளைக்கு முன்னாடியே காலமாயிட்டாராம்," என்றேன்.

தலைவர் "ஐயோ" என்று அவர் கையைப் பிடித்துக்கொண்டார். மற்ற பெண்கள் உச்சுக்கொட்டினார்கள். வெளிநாட்டு அம்மா, தனக்கு எதற்கு ஆறுதல் சொல்கிறார்கள் என்று புரியாமல் என்னைப் பார்த்தார். நான் கைக்குட்டையால் முகத்தைத் துடைத்துக்கொண்டேன். எழுத்தர் கேட்டிருப்பார், அத்தாவின் காதுக்குப் போயிருக்கும், அதனால்தான் மாற்றினேன் என்று பின்னாளில் எனக்கு நானே சொல்லிக்கொண்டதுண்டு. உண்மையில் அவர் வேப்பமரத்தடியில் பீடி குடித்துக்கொண்டிருந்தார். அவ்வளவு தூரத்துக்கு எதுவும் கேட்டிருக்காது. இந்தப் பெண்கள் இவரை மட்டமாக நினைத்துவிடுவார்கள் என்று நானே முடிவு செய்துவிட்டேன். அதைச் சொன்ன வாய் என்று என்னையும்.

அடுத்த மாத யூனியன் மீட்டிங்கில் தலைவர் எழுந்து பெண்களுக்குக் கழிப்பறை கேட்டார் என்று எழுத்தர் கடைக்கு வந்து சொல்லிச் சிரித்தார். அதற்கடுத்த மாதமும் கேட்டாராம். மூன்றாவது மாதம் மற்றப் பெண் தலைவர்கள் இரண்டு பேர் சேர்ந்துகொண்டார்களாம். அப்போது எழுத்தர் சிரிக்கவில்லை. ஒன்றரை வருடத்தில் ஆபீஸ் பின்பக்கம் அஸ்பெஸ்டாஸ் கூரை போட்ட ஒரு அறை வந்தது.

எனக்கோ தீவிலிருந்து ஒரு கவர் வந்தது. அந்தச் சட்டத்தைக் கொண்டுவந்த அன்று அவர் பாராளுமன்றத்தில் பேசியதைச் சின்னப் புத்தகமாகப் போட்டிருந்தார்கள். படித்தபோதுதான் முழுதாகப் புரிந்தது. அவர் வாழ்க்கையில் மற்றதெல்லாம் ஓரம், நான் விழுங்கியதுதான் நடு. பள்ளியில் பெயர் கூப்பிடும்போது தகப்பன் பெயர் இல்லாத பிள்ளைகளைக் கடைசியில் கூப்பிடுவார்களாம், அந்த வரிசையில் நின்ற ஏழு வயதுப் பெண்ணாகத் தன்னைப் பற்றிச் சொல்லியிருந்தார். புத்தகத்தைப் பீரோவில் துணிகளுக்கு அடியில் வைத்தேன். நன்றி என்று மட்டும் பதில் எழுதினேன்.

மூன்று நான்கு வருடங்கள் போயின. நான் காஞ்சிபுரத்தில் ஒரு தனியார் கல்லூரியில் வேலைக்குச் சேர்ந்துவிட்டேன். தலைவர் அடுத்த தேர்தலில் தோற்றுவிட்டார். துணைத்தலைவர் தன் நிலத்தில் வேலை செய்யும் இன்னொரு பெண்ணை நிறுத்தி ஜெயிக்க வைத்துவிட்டார். ஒரு ஜூன் மாத ஞாயிற்றுக்கிழமை, பழைய தலைவர் எங்கள் கடைக்கு வந்தார். கூடவே மெலிந்த ஓர் இளம்பெண், இடுப்பைப் பிடித்துக்கொண்டு ஐந்து வயதுப் பெண் குழந்தை.

"பாய், உங்க பொண்ணு கீதுங்களா? ஒரு மனு எழுதணும்."

அந்தப் பெண் செங்கல் சூளைக்கு வேலைக்குப் போன இடத்தில் ஒருவனோடு பழகி, அவன் கைவிட்டுப் போக, பிள்ளையோடு ஊர் திரும்பியவள். பிள்ளையைப் பள்ளியில் சேர்க்கப் போனால், தகப்பன் பெயர் இல்லாமல் ரிஜிஸ்டரில் எழுத முடியாது என்று தலைமையாசிரியர் திருப்பி அனுப்பிவிட்டாராம்.

"தாத்தா பேரப் போடு, இல்லன்னா ஏதாவது ஒரு பேரப் போடுன்னு சொல்றாரு. இவ ஒத்துக்க மாட்டேங்கறா. நானும் யோசிச்சிப் பாத்தேன், இன்னா சொல்றதுன்னே தெரியல," என்றார் தலைவர்.

நான் பேனாவை மூடி வைத்துவிட்டேன். "அக்கா, அன்னைக்கு வந்தாங்களே தீவுக்காரம்மா. அவங்க சொன்னத நான் மாத்திச் சொல்லிட்டேன்," என்று ஆரம்பித்து, வீட்டிலிருந்து புத்தகத்தை எடுத்து வந்து எல்லாவற்றையும் சொன்னேன். ஓட்டுப் போடப் போன அவர் அம்மாவைச் செருப்புக் கடித்தது, கல்யாணம் ஆகாதது, கோடு, வேலை போனது, சட்டம், கடைசியில் பெயர் கூப்பிடும் வரிசை. அத்தா கல்லாவில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தார். இளம்பெண் குழந்தையின் தலையைத் தடவுவதை நிறுத்திவிட்டாள்.

தலைவர் புத்தகத்தை வாங்கிப் புரட்டிப் பார்த்தார். பிறகு, "ஏம்மா, எங்கள இன்னான்னு நெனச்சிக்கினு இருந்த?" என்றார்.

"தப்பா நெனச்சிடுவீங்களோன்னு..."

"எங்க தெருவுல எத்தினி பேரு புருசன் இல்லாம புள்ள வளக்குறாங்கன்னு ஒனக்குத் தெரியுமா? அன்னிக்கே தெரிஞ்சிருந்தா நான் பதவில இருக்கும்போதே இதுக்கு ஒரு வழி பண்ணியிருப்பேன் இல்ல? ரெண்டு வருசமா இவ இதுக்காக வெளிய தல காட்டாம கெடக்கறா."

குரலை உயர்த்தவில்லை. கோபப்பட்டிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். அத்தா எழுந்து, பக்கத்துக் கடையிலிருந்து எல்லோருக்கும் டீ வாங்கி வரப் போனார். தலைவர் அந்தப் பெண்ணைப் பார்த்து, "கேட்டியா? மந்திரியாவே ஆயிருக்குது," என்றார். அப்புறம் என்னிடம், "எழுது. பொய்ப் பேரு வேணாம்னு மொதல்ல எழுது," என்றார்.

மறுநாள் விடுப்புப் போட்டு அவர்களோடு பள்ளிக்குப் போனேன். தலைமையாசிரியர் கெட்டவர் இல்லை, பயந்தவர்.

"அந்த எடத்தக் காலியா வுட்டா இன்ஸ்பெக்‌ஷன்ல என்னைத்தாம்மா கேப்பாங்க."

"காலியா வுட வேணாம் சார். பெத்தவ பேர எழுதுங்க," என்றார் தலைவர். தீவுக்காரம்மாவின் கதையை அவரே சொல்லத் தொடங்கினார். நான் முந்தின நாள் சொன்னதில் ஒரு சொல்கூட விட்டுப்போகவில்லை, செருப்புக் கடித்தது வரை வந்தது. தலைமையாசிரியர் கேட்டுக்கொண்டே இருந்தார். கடைசியில், "கல்வி அதிகாரி எழுத்துல குடுத்தா நான் சேத்துக்கறேன்," என்றார்.

காஞ்சிபுரத்துக்கு மூன்று முறை போனோம். முதல் முறை அதிகாரி இல்லை. இரண்டாம் முறை மனு கிடைக்கவில்லை என்றார்கள், மறுபடி எழுதினேன். மூன்றாம் முறை தலைவர் அலுவலக வாசற்படியில் தூக்குச் சட்டியைத் திறந்து வைத்துக்கொண்டு, "கையெழுத்து ஆவுற வரைக்கும் இங்கதான் சோறு," என்று உட்கார்ந்துவிட்டார். சாப்பாட்டு நேரம் முடிந்து வந்த அதிகாரி, ஒரு பெண், மனுவை நின்றபடியே படித்தார். "இதுக்கா இத்தனை நாள்?" என்று யாரையோ கடிந்துகொண்டு கையெழுத்துப் போட்டார். ஜூலை நடுவில் குழந்தை பள்ளியில் சேர்ந்தாள், அம்மாவின் பெயரோடு. அடுத்த வருடம் அதே தெருவிலிருந்து இன்னும் இரண்டு குழந்தைகள் அப்படிச் சேர்ந்தார்கள். அதற்கு யாரும் காஞ்சிபுரம் போக வேண்டியிருக்கவில்லை.

அதன் பிறகுதான் எனக்குத் தீவுக்கு எழுதத் துணிவு வந்தது. நடந்ததை எல்லாம், நான் சொன்ன பொய்யையும் சேர்த்து, நான்கு பக்கம் எழுதினேன். பதில் வர இரண்டு மாதம் ஆனது. தேர்தலில் தோற்றுவிட்டதாகவும், முழங்கால் வலிக்கிறது என்றும், இப்போது வீட்டிலேயே வாரம் ஒரு நாள் பெண்களுக்குச் சட்ட ஆலோசனை சொல்வதாகவும் எழுதியிருந்தார். என் பொய் அன்றைக்கே தெரியுமாம். "நான் மூன்று நிமிடம் பேசினேன். நீ ஒரே வரியில் முடித்தாய். எவ்வளவு சிக்கனமான மொழியாக இருந்தாலும் அது முடியாது," என்றிருந்தார். என்னைத் திட்டவில்லை. நாற்பது வருடம் மேடையில் பேசியும், அந்த இடம் வரும்போது தன் குரலும் இன்னும் கொஞ்சம் இறங்கிவிடும் என்றிருந்தார்.

கடிதத்தின் மறுபக்கம் முழுக்கக் கேள்விகள். அந்தக் குழந்தையின் பெயருக்கு முன்னால் உங்கள் ஊரில் ஓர் எழுத்துப் போடுவீர்களாமே, அவளுக்கு என்ன எழுத்து? அது அம்மாவின் எழுத்து என்று அவளுக்குத் தெரியுமா? வகுப்பில் பெயர் எந்த வரிசையில் கூப்பிடுகிறார்கள்? அவளுக்கு யார் பக்கத்தில் இடம்?

முதல் கேள்விக்குத்தான் எனக்குப் பதில் தெரிந்திருந்தது. மற்றதைத் தெரிந்துகொள்ள, அடுத்த சனிக்கிழமை அந்த ஊருக்கு பஸ் ஏறினேன்.